பதுங்கு குழிக்கு வெளியே நின்ற கேமரா

ஷெல் வந்து விழும் ஓசை. மண்ணைத் தோண்டிய பங்கருக்குள் பெண்களும் பிள்ளைகளும் ஒருவர்மேல் ஒருவர் சாய்ந்து நடுங்குகிறார்கள். ஒருவர் மட்டும் வெளியே நின்று படம் எடுத்துக்கொண்டிருக்கிறார். குழிக்குள்ளிருந்து ஒரு பெண் அவரைப் பார்த்துக் கதறுகிறாள். வீடியோ எடுக்காதே, உள்ளே வா, எல்லாரையும் கொல்கிறார்கள், இந்த வீடியோவை வைத்து என்ன செய்யப் போகிறாய் என்று கேட்கிறாள். 2009இல் வன்னியில் பதிவான இந்தக் காட்சி, 2011 ஜூன் 14 அன்று பிரிட்டனின் சானல் 4 தொலைக்காட்சி ஒளிபரப்பிய ‘இலங்கையின் கொலைக்களங்கள்’ படத்தில் வருகிறது. கேலம் மெக்ரே இயக்கிய படம். ஜான் ஸ்நோ தொகுத்து வழங்கினார்.

அந்தப் பெண் கேட்ட கேள்வியை எடுத்துக்கொண்டு, முள்ளிவாய்க்கால் பற்றிய ஆவணப்படங்கள் எதைச் சாதித்தன, எங்கே முட்டி நின்றன, எதைத் தொடாமலே விட்டன என்று பார்ப்பதுதான் இந்தக் கட்டுரை. திண்டுக்கல்லில் இருந்து இதை எழுதுவதற்குக் காரணம் இருக்கிறது. நகரை அடுத்த தோட்டனூத்தில் 2022 செப்டம்பரில் இலங்கைத் தமிழர்களுக்காக அரசு கட்டிய 321 வீடுகள் திறக்கப்பட்டன. தோட்டனூத்து, அடியனூத்து, கோபால்பட்டி முகாம்களில் பல்லாண்டுகள் நெருக்கியடித்துக் குடியிருந்த குடும்பங்களுக்கு அப்போதுதான் வீடு என்று சொல்லும்படி ஒன்று கிடைத்தது. முகாம் ஆண்களில் பலருக்குப் பெயின்ட் வேலைதான் பிழைப்பு. நம் வீட்டுச் சுவருக்கு வர்ணம் பூசிவிட்டுப் போனவர் எந்த ஊரில் பிறந்தார், எதைக் கண்டு ஓடிவந்தார் என்று நம்மில் எத்தனை பேர் கேட்டிருக்கிறோம்?

இன்னொன்றையும் சொல்ல வேண்டும். தமிழகத்தில் நூற்றுக்கும் மேற்பட்ட முகாம்களில் ஏறத்தாழ 58 ஆயிரம் பேரும், முகாம்களுக்கு வெளியே 34 ஆயிரம் பேரும் இருப்பதாக 2021இல் அரசுக் கணக்கு சொன்னது. இவர்களில் பெரும்பாலோர் முள்ளிவாய்க்காலில் இருந்து வந்தவர்கள் அல்லர். 1983க்குப் பிறகும், 1990 ஜூனுக்குப் பிறகும், 1996இலும், 2006ஐ ஒட்டியும் மன்னார்க் கடலைத் தாண்டி வந்தவர்கள். அவர்களில் பெரும்பாலோர் கண்ட கொலைகளைப் படம் பிடிக்க அன்று யார் கையிலும் செல்பேசி இல்லை. முள்ளிவாய்க்கால் படங்களைப் பற்றிப் பேசும்போதெல்லாம் இந்த உண்மை என்னை உறுத்துகிறது.

நடந்ததைச் சுருக்கமாகச் சொல்லிவிடலாம். 2008 செப்டம்பரில் ஐ.நா.வின் வெளிநாட்டுப் பணியாளர்கள் கிளிநொச்சியை விட்டு வெளியேறினார்கள். போகாதீர்கள் என்று மக்கள் அலுவலகக் கதவருகே கூடி மன்றாடியது படமாக இருக்கிறது; மெக்ரேயின் படங்களில் நெஞ்சைப் பிசையும் இடங்களில் அதுவும் ஒன்று. 2009 ஜனவரி 2இல் கிளிநொச்சி ராணுவத்தின் கைக்குப் போனது. அதன் பிறகு அரசே மூன்று முறை பாதுகாப்பு வலயங்களை அறிவித்தது. ஜனவரியில் சுதந்திரபுரம், உடையார்கட்டுப் பக்கம். பிப்ரவரியில் புதுமாத்தளன் கடற்கரை. மே மாதம் நந்திக்கடலுக்கும் கடலுக்கும் இடையே வெள்ளமுள்ளிவாய்க்கால் என்ற ஒடுங்கிய மணல் திட்டு. அங்கே போங்கள் என்று சொல்லப்பட்ட இடங்களிலேயே ஷெல் விழுந்தது. மருத்துவமனைகளில் விழுந்தது. உணவு வாங்க வரிசையில் நின்றவர்கள்மேல் விழுந்தது. உள்ளே எழுபதாயிரம் பேர்தான் இருக்கிறார்கள் என்றது அரசு; அந்தக் கணக்குக்குத்தான் உணவும் மருந்தும் போயின. மே 18இல் போர் முடிந்தபோது முகாம்களில் அடைக்கப்பட்டவர்களே இரண்டு லட்சத்து எண்பதாயிரத்துக்கு மேல். மாண்டவர்கள் நாற்பதாயிரம் வரை இருக்கலாம் என்றது 2011இல் ஐ.நா. வல்லுநர் குழு. எழுபதாயிரத்துக்கும் மேற்பட்டோருக்குக் கணக்கில்லை என்பதை 2012இல் வந்த ஐ.நா.வின் உள்ளக மீளாய்வு சுட்டியது. அரசின் சொந்தப் புள்ளிவிவரங்களையே ஒப்பிட்டு, 1,46,679 பேர் என்ன ஆனார்கள் என்று மன்னார் ஆயர் ராயப்பு ஜோசப் அரசு அமைத்த ஆணைக்குழு முன் கேட்டார். எண்ணிக்கை இவ்வளவு தூரம் வேறுபடுவதற்கு அங்கே எண்ண யாரையும் விடவில்லை என்பதே காரணம்.

பத்திரிகையாளர்களையும் விடவில்லை. உக்ரைனில் ‘மரியுபோலில் 20 நாட்கள்’ படம் உருவாக, அசோசியேட்டட் பிரஸ் நிறுவனத்தின் ம்ஸ்திஸ்லாவ் செர்னோவும் அவருடன் இருந்தவர்களும் முற்றுகைக்குள்ளே நின்று மகப்பேறு மருத்துவமனைக் குண்டுவீச்சைப் பதிவு செய்து வெளியே அனுப்பினார்கள். முள்ளிவாய்க்காலில் அப்படி வெளியார் ஒருவரும் கிடையாது. அதனால் இந்தப் படங்களின் மூலப்பொருள் இரண்டே கைகளில் இருந்து வந்தது. ஒன்று, சாகக் கிடந்தவர்களின் கை. இன்னொன்று, கொன்றவர்களின் கை. சிப்பாய்கள் தங்கள் செல்பேசியில், வெற்றிச் சின்னமாக வைத்துக்கொள்ள எடுத்த காட்சிகள் அவை. கைகள் பின்னால் கட்டப்பட்டு, ஆடை களையப்பட்டு உட்காரவைக்கப்பட்டவர்களின் தலையில் பின்னிருந்து சுடுகிறார்கள். பெண்களின் உடல்களை லாரியில் தூக்கிப் போடும்போது பேசும் பேச்சு காதால் கேட்க முடியாதது.

முதல் வீடியோ சானல் 4இல் வந்தது 2009 ஆகஸ்ட் 25இல். அதைக் கொண்டுவந்து சேர்த்தது ‘இலங்கை ஜனநாயகத்துக்கான பத்திரிகையாளர்கள்’ என்ற அமைப்பு. உயிருக்கு அஞ்சி நாட்டைவிட்டு வெளியேறிய சிங்களப் பத்திரிகையாளர்களும் தமிழ்ப் பத்திரிகையாளர்களும் சேர்ந்து நடத்திய அமைப்பு அது. தமிழகத்து மேடைகளில் இது பேசப்பட்டதே இல்லை எனலாம். சிங்களர் சிலர் தங்கள் நாட்டையும் வீட்டையும் இழந்து நமக்காகச் சாட்சியத்தைக் காத்தார்கள். அவர்களுக்கு நாம் நன்றிக்கடன் பட்டிருக்கிறோம்.

வீடியோ போலி என்றது கொழும்பு. ஐ.நா.வின் சிறப்பு அறிக்கையாளர் ஃபிலிப் ஆல்ஸ்டன் மூன்று வல்லுநர்களிடம் அதைக் கொடுத்தார். தடயவியல் மருத்துவர் டேனியல் ஸ்பிட்ஸ், வீடியோ ஆய்வாளர் ஜெஃப் ஸ்பைவாக், துப்பாக்கி வல்லுநர் பீட்டர் டியாசுக். துப்பாக்கி பின்னுதைக்கும் விதம், வாயுக் கசிவு, குண்டு பட்ட உடல் சாயும் முறை, ரத்தம் பரவும் வேகம் என்று ஒவ்வொன்றையும் தனித்தனியே பார்த்தார்கள். போலியாக உருவாக்கப்பட்டதற்கான அடையாளம் இல்லை என்று 2010 ஜனவரியில் முடிவு வந்தது. கோப்பில் பதிந்திருந்த தேதி போன்ற சிலவற்றுக்கு விளக்கம் கிடைக்கவில்லை என்பதையும் அறிக்கை மறைக்காமல் சொன்னது. அடுத்து வந்த நீண்ட வீடியோவையும் கிறிஸ்டாஃப் ஹெய்ன்ஸ் காலத்தில் இதேபோல ஆராய்ந்து மெய்யெனக் கண்டார்கள். தொலைக்காட்சி அறிவிப்பாளராக இருந்த இசைப்பிரியா சண்டையில் செத்தார் என்று ராணுவம் சொல்லிவந்தது. அவர் உயிரோடு சிப்பாய்களின் பிடியில் இருந்ததை 2013 நவம்பரில் வெளியான காட்சி காட்டியது. விடுதலைப் புலிகளின் தலைவர் பிரபாகரனின் பன்னிரண்டு வயது மகன் பாலச்சந்திரனின் இரண்டு புகைப்படங்கள் இன்னும் கொடியவை. ஒன்றில், மணல் மூட்டை அடுக்கிய பங்கரில் உட்கார்ந்து எதையோ தின்கிறான். மற்றதில் நெஞ்சில் குண்டுத் துளைகளோடு கிடக்கிறான். சில மணி நேர இடைவெளியில் ஒரே கேமராவில் எடுத்த படங்கள் என்று பரிசோதித்தவர்கள் சொன்னார்கள்.

நீதிமன்றத்துக்குத் தேவையான வேலையை இந்தப் படங்கள் முறையாகச் செய்தன. சானல் 4 மீது நூற்றுக்கும் மேற்பட்ட புகார்கள் போயின. பிரிட்டனின் ஒளிபரப்புக் கண்காணிப்பு அமைப்பான ஆஃப்காம் விசாரித்து, விதிமீறல் இல்லை என்று 2011 அக்டோபரில் அறிவித்தது. இலங்கைப் பாதுகாப்பு அமைச்சகம் அதே ஆண்டு பதில் படம் ஒன்றை வெளியிட்டு, எல்லாம் பொய் என்றது. படத்துக்குப் படம் என்று அரசே இறங்கி வந்தது ஒருவிதத்தில் முதல் படத்தின் வலிமைக்குச் சான்று. 2013 மார்ச்சில் ‘போர் தவிர்ப்பு வலயம்’ என்ற முழுநீளப் படம் ஜெனீவாவில், மனித உரிமைப் பேரவை கூடியிருந்த நேரத்தில் திரையிடப்பட்டது. பார்வையாளர் வரிசையில் இருந்தவர்கள் வாக்களிக்கப் போகிறவர்கள். படம் யாருக்காக எடுக்கப்பட்டது என்பதை இது சொல்லிவிடும். வெளிநாட்டு ராஜதந்திரிகளை நம்பவைக்க எடுக்கப்பட்ட வழக்குரை அது. அதில் தவறில்லை. அன்று அதுதான் தேவைப்பட்டது.

இந்தியா என்ன செய்தது? 2013 நவம்பரில் மெக்ரேக்கு விசா தரவில்லை. 2014 பிப்ரவரியில் தணிக்கை வாரியம் படத்துக்குச் சான்றிதழ் மறுத்தது. இலங்கையோடு உள்ள நட்புறவு கெடும் என்பது சொல்லப்பட்ட காரணங்களில் ஒன்று. அயல்நாட்டு நட்புறவு என்ற சொற்றொடர் 1952ஆம் ஆண்டின் திரைப்படச் சட்டத்திலேயே இருக்கிறது. பதிலுக்கு மெக்ரே, இந்தியாவில் யாரும் இலவசமாகப் பார்க்கலாம் என்று படத்தை இணையத்தில் திறந்துவிட்டார். மலேசியாவில் நிலைமை இன்னும் மோசம். 2013 ஜூலையில் கோலாலம்பூரில் படத்தைத் திரையிட்டதற்காக லீனா ஹென்றி என்ற செயற்பாட்டாளர் மீது வழக்குப் போட்டார்கள். விடுதலை, மேல்முறையீடு என்று இழுத்து, 2017இல் பத்தாயிரம் ரிங்கிட் அபராதம் விதித்தார்கள்.

இந்த இடத்தில் பிரெஞ்சு இயக்குநர் அலென் ரெனேயின் ‘இரவும் மூடுபனியும்’ நினைவுக்கு வருகிறது. நாஜி வதைமுகாம்களைப் பற்றி 1956இல் வந்த முப்பத்திரண்டு நிமிடப் படம். பிணக்குவியல்களைவிடப் பிரெஞ்சுத் தணிக்கையாளர்களை உறுத்தியது ஒரு தொப்பி. யூதர்களை அடைத்துவைத்திருந்த முகாம் ஒன்றைக் காவல் காத்தவன் தலையில் பிரெஞ்சுக் காவலரின் தொப்பி இருந்தது. அதை மறைக்கச் சொன்னார்கள். ஒரு நாடு பிறர் செய்த கொலையைப் பார்ப்பதற்கு அவ்வளவாக அஞ்சுவதில்லை. தன் சீருடை அங்கே தெரிந்துவிடுமோ என்றுதான் அஞ்சுகிறது. நம் சீருடையும் ஈழத்தில் இருந்தது. 1987 அக்டோபர் 21, தீபாவளி நாள். யாழ்ப்பாணம் போதனா மருத்துவமனைக்குள் இந்திய அமைதிப்படை நுழைந்து சுட்டதில் நோயாளிகள், மருத்துவர்கள், செவிலியர், ஊழியர் என அறுபதுக்கும் மேற்பட்டோர் மாண்டார்கள். 1989 ஆகஸ்ட் தொடக்கத்தில் வல்வெட்டித்துறையில் அறுபதுக்கும் மேற்பட்ட பொதுமக்கள். நம் வரிப்பணத்தில் போன படை செய்த இக்கொலைகளைப் பற்றித் தூர்தர்ஷனோ வேறு அரசு நிறுவனமோ ஒரு படம் எடுக்கும் நாள் வரும் வரை, நட்புறவு என்ற காரணத்தை நான் ஏற்க மாட்டேன்.

தடை விதிப்பதில் நாமும் குறைந்தவர்கள் அல்லர். 2013இல் ‘மெட்ராஸ் கஃபே’ என்ற கதைப்படத்தைத் தமிழகத் திரையரங்குகளில் ஓடவிடாமல் செய்தோம். ஜூட் ரட்ணம் எடுத்த ‘டீமன்ஸ் இன் பாரடைஸ்’ ஆவணப்படம் 2017இல் கான் விழாவில் காட்டப்பட்டது. 1983 ஜூலை வன்முறையில் சிறுவனாகத் தப்பி ரயிலேறிய நினைவில் தொடங்கி, தமிழ் ஆயுத இயக்கங்கள் தமக்குள் நடத்திய கொலைகளுக்குப் போகிற படம். அடுத்த ஆண்டு யாழ்ப்பாணத் திரைப்பட விழாவில் அதற்கு எதிர்ப்புக் கிளம்பி, திரையிடல் கைவிடப்பட்டது. அந்தப் படத்தின் அரசியலோடு எனக்கு முழு உடன்பாடு இல்லை. சிங்கள அரசின் வன்முறையை அது பின்னணியாக்கிவிடுகிறது என்ற குற்றச்சாட்டில் நியாயம் இருக்கிறது. ஆனாலும் பார்த்துவிட்டு மறுக்கும் உரிமையைப் பார்வையாளரிடமிருந்து பறித்திருக்கக் கூடாது.

மெக்ரேயின் படத்திலேயே ஒரு பகுதி உண்டு. மக்களைப் புலிகள் வெளியேற விடாமல் பிடித்துவைத்ததையும், தப்பி ஓடியவர்களைச் சுட்டதையும், வீட்டுக்கு வீடு பிள்ளைகளைப் பிடித்துப் போனதையும் அது சொல்கிறது. ஐ.நா. வல்லுநர் குழுவும் சொன்னது. தமிழகத்தில் கட்சி மேடைகளிலும் குறுந்தகடுகளிலும் துண்டு துண்டாகப் பரவியபோது இந்தப் பகுதி உதிர்ந்துவிட்டது. செத்தவர்களுக்கு இரண்டு பக்கமும் அச்சம் இருந்தது. ஒரு பக்கத்தை வெட்டிவிட்டு அவர்களுக்கு அஞ்சலி செலுத்த முடியாது. 1990 ஆகஸ்ட் 3இல் காத்தான்குடிப் பள்ளிவாசல்களில் தொழுதுகொண்டிருந்த முஸ்லிம்கள் நூற்று நாற்பதுக்கும் மேற்பட்டோரைப் புலிகள் சுட்டுக் கொன்றதும், அவ்வாண்டு அக்டோபரில் வடக்கில் இருந்து முஸ்லிம்களை விரட்டியதும் தமிழில், தமிழரால் படமாக்கப்பட வேண்டியவை. சிங்களப் பார்வையாளரிடம் நாம் எதை எதிர்பார்க்கிறோமோ அதை நாமும் செய்தாக வேண்டும்.

இனி, காட்சிகளைக் கையாளும் முறை. என்னை அதிகம் வருத்துவது இதுதான். சானல் 4 அந்தப் படத்தை இரவு பதினொரு மணிக்கு மேல், எச்சரிக்கைகளோடு, எங்கிருந்து கிடைத்த காட்சி, யார் சோதித்தார்கள் என்ற விவரங்களோடு காட்டியது. இங்கே அதே காட்சிகள் ஃபிளெக்ஸில் அச்சாகி நாற்சந்திகளில் பட்டப்பகலில் நின்றன. ஆடையற்ற பெண்ணின் உடல், கீழே தலைவரின் கைகூப்பிய படம். அந்தப் பெண்ணின் தாயோ தங்கையோ பக்கத்து முகாமில் இருக்கக்கூடும் என்ற எண்ணம் யாருக்கும் வரவில்லை. கொன்றவன் தன் களிப்புக்காக எடுத்த படம் அது. அவன் நின்ற இடத்தில் இருந்துதான் நாமும் பார்க்கிறோம். சாட்சியமாக நீதிமன்றத்தில் வைக்கும்போது அந்தப் பார்வையின் நஞ்சு ஓரளவு முறிகிறது. சுவரொட்டியில் ஒட்டும்போது கொன்றவன் விரும்பியதே தொடர்கிறது. பாலச்சந்திரன் படங்கள் வந்த கையோடு, 2013 மார்ச்சில் சென்னை லயோலா கல்லூரி மாணவர்கள் உண்ணாவிரதம் தொடங்க, தமிழகமெங்கும் மாணவர்கள் தெருவுக்கு வந்தார்கள். அரசு கல்லூரிகளைக் காலவரையின்றி மூடியது. அம்மாதம் 27இல் சட்டமன்றம் தீர்மானம் போட்டது. படத்தின் ஆற்றலுக்கு அது சான்று, மறுக்கவில்லை. ஆனால் கோபத்தைக் கிளப்புவதோடு படத்தின் வேலை முடிந்துவிட்டது என்று நாம் நினைத்துக்கொண்டோம். மாணவர்கள் வகுப்புக்குத் திரும்பினார்கள். முகாம்களில் காவல்துறையின் கியூ பிரிவு எடுக்கும் வருகைப் பதிவு வழக்கம்போலத் தொடர்ந்தது.

உலகெங்கும் படுகொலைப் படங்கள் இந்தச் சிக்கலோடு மல்லுக்கட்டி இருக்கின்றன. வங்கதேசப் போரின்போது, 1971இல், கொல்கத்தாவில் அகதியாக இருந்தபடி ஜாகிர் ரைஹான் ‘ஸ்டாப் ஜெனோசைட்’ எடுத்தார். கொலை நடந்துகொண்டிருக்கும்போதே நிறுத்தச் சொல்லி எழுப்பிய குரல். போர் முடிந்த அடுத்த மாதமே, 1972 ஜனவரி 30இல், டாக்காவில் அவரே காணாமல் போனார். இந்தோனேசியாவில் 1965–66 கொலைகளைச் செய்தவர்களையே அதை நடித்துக் காட்ட வைத்தது ஜாஷுவா ஓப்பன்ஹைமரின் ‘தி ஆக்ட் ஆஃப் கில்லிங்’. அந்தப் படத்தின் பெயர்ப்பட்டியலில் உள்ளூர்க் கலைஞர்கள் பலர் பெயரின்றியே இருக்கிறார்கள். கொன்றவர்கள் இன்னும் அதிகாரத்தில் இருந்ததே காரணம். குளோட் லான்ஸ்மன் ‘ஷோவா’வில் இவை எல்லாவற்றுக்கும் எதிர்த்திசையில் போனார். ஒன்பது மணி நேரத்துக்கும் மேல் ஓடும் அந்த 1985ஆம் ஆண்டுப் படத்தில் பழைய காட்சி ஒன்றுகூடக் கிடையாது. தப்பியவரையும் கொன்றவரையும் பக்கத்து ஊர்க்காரரையும் உட்கார வைத்துப் பேச வைத்தார். ரயில் எந்தப் பக்கமிருந்து வந்தது, கதவை யார் திறந்தார்கள், எத்தனை மணி இருக்கும் என்று சின்னச் சின்னக் கேள்விகள். கேட்கக் கேட்க, படமே இல்லாத அந்தக் கொலை நம் கண்முன் நடக்கிறது.

லான்ஸ்மனைத் தேடிப் பாரிஸ் போக வேண்டியதில்லை. 1968 டிசம்பர் 25 இரவு கீழ்வெண்மணியில் ஒரு குடிசைக்குள் 44 பேர் எரிக்கப்பட்டார்கள். போர்க்காலம் அல்ல, ஆனால் கூலி கேட்டவர்கள்மேல் தொடுக்கப்பட்ட போர்தான் அது. அந்த இரவைப் படம் பிடித்தவர் யாருமில்லை. முப்பத்தேழு ஆண்டுகள் கழித்துப் பாரதி கிருஷ்ணகுமார் ‘ராமையாவின் குடிசை’ ஆவணப்படத்தை எடுத்தபோது, உயிரோடு இருந்தவர்களின் நாவில்தான் வெண்மணி இருந்தது. அவர்கள் அதைச் சொன்னார்கள். தமிழில் படுகொலை நினைவுப் படம் எப்படி எடுக்கப்பட வேண்டும் என்பதற்கு என் கணக்கில் அதுவே முன்மாதிரி. சோமீதரன் 2008இல் எடுத்த ‘எரியும் நினைவுகள்’ படமும் அந்த வழியில் வந்தது. 1981இல் எரிக்கப்பட்ட யாழ் நூலகத்தை, அதில் படித்தவர்களும் அதைக் காத்தவர்களும் நினைவுகூர்கிறார்கள். லீனா மணிமேகலையின் ‘வெள்ளை வேன் கதைகள்’ காணாமல் ஆக்கப்பட்டோரின் தாய்மாரையும் மனைவியரையும் தேடிப்போனது. இவையெல்லாம் ஜெனீவாவை நோக்கிப் பேசவில்லை. சொந்த மக்களிடம் பேசுகின்றன.

நினைவைக் காக்க நம் மரபில் இரண்டு வழிகள் உண்டு. போரில் விழுந்த வீரனுக்கு நடுகல். வீட்டில் செத்தவருக்கு ஒப்பாரி. திண்டுக்கல் பக்கத்திலேயே, 1801இல் தூக்கிலிடப்பட்ட விருப்பாச்சி கோபால் நாயக்கருக்கு மணிமண்டபம் இருக்கிறது. அந்தப் பாளையக்காரர் போரில் மாண்ட குடியானவர்களுக்கு ஒரு பெயர்ப்பலகையும் கிடையாது. ஈழத்திலும் தஞ்சை விளாரில் 2013இல் திறந்த முள்ளிவாய்க்கால் முற்றத்திலும் கல்லுக்கு முக்கியத்துவம் தந்தோம். கல்லை இடிக்க முடியும். முற்றத்தின் சுற்றுச்சுவரைத் திறந்த சில நாட்களிலேயே இடித்தார்கள். யாழ் பல்கலைக்கழகத்தின் நினைவுத்தூணை 2021 ஜனவரி 8 இரவில் இடித்து, எதிர்ப்புக்குப் பணிந்து திரும்பக் கட்டினார்கள். இலங்கை அரசால் கஞ்சியைக்கூடப் பொறுக்க முடியவில்லை. கடைசி நாட்களில் உயிர் காத்த அரிசிக் கஞ்சியை மே மாதத்தில் காய்ச்சி வழங்கும் வழக்கம் வடக்கு, கிழக்கில் வேரூன்றிவிட்டது. 2024இல் திருகோணமலை மாவட்டம் சம்பூரில் கஞ்சி காய்ச்சியதற்காகப் பெண்களைக் கைது செய்தார்கள்.

படங்களால் நீதி கிடைத்ததா? கொலைக்காக இலங்கையில் தண்டனை பெற்ற ராணுவத்தினர் மிகச் சிலர். அவர்களில் ஒருவர், 2000 டிசம்பரில் மிருசுவிலில் எட்டுப் பொதுமக்களைக் கொன்றதற்காக மரண தண்டனை பெற்ற சுனில் ரத்நாயக்க. 2020 மார்ச்சில் அன்றைய ஜனாதிபதி கோத்தபய ராஜபக்ச அவருக்கு மன்னிப்புத் தந்து வெளியே விட்டார். மறுபக்கம், 2021இல் மனித உரிமைப் பேரவை தீர்மானத்தின்படி சாட்சியங்களைச் சேகரித்துக் காக்கும் அலுவலகம் ஒன்று ஜெனீவாவில் அமைந்தது. 2023இல் கனடா ராஜபக்ச சகோதரர்கள் மீதும், 2025 மார்ச்சில் பிரிட்டன் சவேந்திர சில்வா உள்ளிட்ட தளபதிகள் மீதும், அவர்களோடு புலிகளின் முன்னாள் தளபதி கருணா மீதும் தடை விதித்தன. சவேந்திர சில்வா கடைசிப் போரில் 58ஆம் படைப்பிரிவை நடத்தியவர். அந்தச் செல்பேசிக் காட்சிகள் இல்லாமல் இவ்வளவு தூரம் வந்திருக்காது. வந்த தூரம் போதாது. காஸாவில் 2023 அக்டோபர் முதல் கொல்லப்படுகிறவர்களே தங்கள் சாவை உலகுக்கு நேரலையாகக் காட்டினார்கள். அதற்கும் குண்டு நிற்கவில்லை. படம் கொலையை நிறுத்தும் என்ற நம்பிக்கையை நாம் கைவிட வேண்டிய காலம் இது. நடக்கவே இல்லை என்று சொல்பவனின் வாயை அது அடைக்கும். அந்தளவில் அதன் பயன் பெரிது.

அந்தப் பயன் கேமரா இருந்த ஐந்து மாதங்களுக்கு மட்டும் கிடைத்திருக்கிறது. 1985 மே 15இல் நெடுந்தீவில் இருந்து புறப்பட்ட குமுதினிப் படகில் பயணிகளை வெட்டிச் சாய்த்தார்கள். 1987 ஜனவரியில் கொக்கட்டிச்சோலை. 1990 செப்டம்பர் 5இல் மட்டக்களப்பு வந்தாறுமூலைப் பல்கலைக்கழக வளாகத்தில் தஞ்சம் புகுந்திருந்தோரில் 158 பேரை ராணுவம் பிடித்துப் போனது, அவர்கள் திரும்பவில்லை. நான்கு நாள் கழித்துச் சத்துருக்கொண்டானில் 184 பேர். 1995 ஜூலை 9இல் நவாலி தேவாலயத்தில் குண்டு விழுந்து நூற்றுக்கும் மேற்பட்டோர். 1996 பிப்ரவரி 11இல் குமாரபுரம். செம்மணியில் உடல்களைப் புதைத்ததாக 1998இல் ஒரு சிப்பாய் நீதிமன்றத்தில் சொன்னான். 2025இல் அந்தப் பகுதியைத் தோண்டியபோது குழந்தைகளுடையது உட்பட இருநூறுக்கும் மேற்பட்ட எலும்புக்கூடுகள் வெளிப்பட்டன. இவற்றைப் பார்த்தவர்கள், இவற்றில் உறவைப் பறிகொடுத்தவர்கள், பக்கத்து ஊரில் நடந்ததைக் கேட்டு இரவோடு இரவாகக் கிளம்பியவர்கள்தான் தமிழக முகாம்களை நிரப்பியிருக்கிறார்கள். அவர்களில் பலர் இங்கே வந்தபின் 1991இல் ராஜீவ் காந்தி கொலை நடந்தது. அன்றிலிருந்து முகாம் என்றாலே சந்தேகம். வெளியார் உள்ளே போக அனுமதி வேண்டும். 2019 குடியுரிமைத் திருத்தச் சட்டம் அவர்களைச் சேர்க்கவில்லை. குடியுரிமைக்காகக் காத்திருப்பவர் பழைய கொலையைப் பற்றிக் கேமரா முன் வாய் திறக்கத் தயங்குவார். முப்பது ஆண்டுகளுக்கும் மேலான மௌனத்துக்கு நம் பங்கும் இருக்கிறது.

சயாம்–பர்மா மரண ரயில் பாதையில் மாண்ட தமிழ்த் தோட்டத் தொழிலாளர் கதையில் நாம் இந்தத் தவறை ஒருமுறை செய்தோம். 1942–43இல் ஜப்பானியர் போட்ட பாதை. அதைப் பற்றித் தமிழில் ஆவணப்படம் வர ஏறத்தாழ எழுபது ஆண்டுகள் ஆயின. தப்பிப் பிழைத்த ஒருசில முதியவர்கள்தான் அப்போது மிஞ்சியிருந்தார்கள்.

தோட்டனூத்தில் அப்படி நடக்க விடக் கூடாது. பெரிய செலவோ பெரிய இயக்குநரோ வேண்டாம். காந்திகிராம கிராமியப் பல்கலைக்கழகத்திலும் திண்டுக்கல் கல்லூரிகளிலும் வரலாறும் தமிழும் சமூகப்பணியும் படிக்கும் மாணவர்கள் முறையான பயிற்சியோடு போகலாம். முகம் காட்ட விரும்பாதவரிடம் குரலை மட்டும் பதியலாம். ஊர், நாள், உடன் இருந்தவர், இழந்தவர் பெயர் என்று லான்ஸ்மன் கேட்டதுபோலச் சின்னக் கேள்விகள் போதும். ஒரு பிரதி அந்தக் குடும்பத்துக்குச் சேர வேண்டும். எப்போது வெளியிடலாம், வெளியிடலாமா என்பதை அவர்களே முடிவு செய்ய வேண்டும். பதிவுகளைப் பாதுகாக்க ஈழத்து நூலக நிறுவனமும் சென்னை ரோஜா முத்தையா ஆராய்ச்சி நூலகமும் இருக்கின்றன. சொல்ல மனமில்லாதவரை வற்புறுத்தாமல் திரும்பி வந்துவிட வேண்டும். அவர் மறக்க விரும்புவதும் அவர் உரிமை.

அரசிடம் கேட்பது ஒன்றுதான். வீடு கட்டிக் கொடுத்த மறுவாழ்வுத் துறை, இந்தப் பதிவுக்கு மாவட்ட அளவிலேயே அனுமதி கிடைக்க வழி செய்ய வேண்டும். பேசுகிறவருக்கு அதனால் கியூ பிரிவிடமோ குடியுரிமை மனுவிலோ எந்தத் தொந்தரவும் வராது என்று எழுத்தில் உறுதி தர வேண்டும். 1990இல் இருபது வயதில் படகேறியவருக்கு இப்போது ஐம்பத்தைந்து கடந்துவிட்டது. அன்று ஐம்பது வயதில் வந்தவர்களில் பெரும்பாலோர் இன்று இல்லை. இந்த ஆண்டே தொடங்குங்கள்.